ஸ்டாம்ப் பேப்பரில் கையெழுத்து வேண்டாம்

வாசகர் கேள்வி:

மேடம், என் அக்கா வீட்டுக்காரர் கொத்தனார். ஊர் பாப்பிரெட்டிப்பட்டி பக்கம். நாலு மாதத்துக்கு முன்னால் வாழப்பாடியில் வேலை முடித்துவிட்டு இரவு எட்டரை மணிக்குத் தன் பைக்கில் வரும்போது, நான்குவழிச் சாலையில் லைட் எதுவும் போடாமல் நிறுத்தியிருந்த லாரியின் பின்னால் மோதி அங்கேயே இறந்துவிட்டார். ஹெல்மெட் போடவில்லை. எஃப்.ஐ.ஆரில் தப்பு மாமா மேல்தான் என்று இருக்கிறது. புகாரில் கையெழுத்துப் போட்டது நான்தான், படித்துப் பார்க்கும் நிலையில் அன்றைக்கு நான் இல்லை. லாரி சாயங்காலத்திலிருந்தே அங்கே நின்றது என்று பக்கத்தில் பங்க்சர் கடை வைத்திருப்பவர் சொல்கிறார். லாரி ஓனர் தரப்பில் இரண்டு லட்சம் தருகிறோம், ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கொடுங்கள் என்கிறார்கள், அதன் போட்டோ அனுப்பியிருக்கிறேன். ஒரு வக்கீல் ஆபீஸ்காரர் ஆஸ்பத்திரிக்கே வந்து அக்காவிடம் கையெழுத்து வாங்கிப் போனார், கேஸ் போட்டாரா என்று தெரியவில்லை. அக்காவுக்கு இரண்டு பிள்ளைகள், 9ஆம் வகுப்பும் 5ஆம் வகுப்பும். மாமாவின் அம்மாவும் அவர்களோடுதான் இருக்கிறார், இப்போது பெரிய மகன் பேச்சைக் கேட்டுக்கொண்டு பங்கு கேட்கிறார். அவரைச் சேர்க்காமல் கேஸ் போட முடியுமா? மாமாவுக்கு ஆதாரில் 46 வயது, பள்ளி டி.சி.யில் 44. எதைக் கொடுப்பது? எவ்வளவு கிடைக்கும், எத்தனை நாள் ஆகும்?

பதில்:

தம்பி, அந்த ஸ்டாம்ப் பேப்பரில் அக்கா கையெழுத்துப் போடக்கூடாது. மற்றதையெல்லாம் நிதானமாகப் படிக்கலாம், இதை மட்டும் இப்போதே போன் செய்து சொல்லிவிடுங்கள். நீங்கள் அனுப்பிய போட்டோவைப் பெரிதாக்கிப் படித்தேன். "மேற்படி விபத்துக்கு என் கணவரின் கவனக்குறைவே காரணம்" என்று தொடங்கி, "இனி எந்தக் கோர்ட்டிலும் வழக்குத் தொடர மாட்டேன்" என்று முடிகிறது. கடைசி வரியைப் பற்றிக்கூட எனக்கு அவ்வளவு கவலை இல்லை, அதை எதிர்த்து வாதாட இடம் உண்டு. முதல் வரிதான் விஷம். மனைவியே ஒத்துக்கொண்டிருக்கிறாள் என்று இன்சூரன்ஸ் வக்கீல் அதைத் தூக்கிக் காட்டுவார், இரண்டு லட்சத்துக்காக இருபது லட்சத்துக்கு மேல் வரவேண்டிய வழக்கில் நாமே கல்லைப் போட்டதாகிவிடும்.

லாரி ஓனர் ஏன் பணத்தோடு வருகிறார் என்று யோசித்தீர்களா? லாரிக்கு மூன்றாம் நபர் இன்சூரன்ஸ் சரியாக இருந்தால், கோர்ட் எவ்வளவு போட்டாலும் கட்டப்போவது இன்சூரன்ஸ் கம்பெனி, அவர் பாக்கெட்டிலிருந்து ஒரு ரூபாய் போகாது. கிரிமினல் கேஸுக்குப் பயந்து வரலாம், மனிதாபிமானத்தில்கூட வரலாம், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் லாரியின் எஃப்.சி., அதாவது தகுதிச் சான்று, காலாவதியாகி இருந்தாலோ, டிரைவருக்கு ஹெவி லைசென்ஸ் இல்லாவிட்டாலோ, இன்சூரன்ஸே காலாவதியாகி இருந்தாலோதான் இந்த மாதிரி அவசரம் வரும் என்பது என் அனுபவம். லாரி நம்பரை எம்பரிவாஹன் ஆப்பில் போட்டுப் பாருங்கள், எஃப்.சி. எதுவரை, இன்சூரன்ஸ் எதுவரை என்று அதிலேயே தெரியும். லைசென்ஸில் குறை இருக்கிறது, ஆனால் பாலிசி நடப்பில் இருக்கிறது என்றால் பயப்பட வேண்டாம். ஸ்வரன் சிங் வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, இன்சூரன்ஸ் கம்பெனி முதலில் உங்களுக்குக் கட்டிவிட்டு அப்புறம் ஓனரிடம் வசூலித்துக்கொள்ளும்படி கோர்ட் உத்தரவிடும். எஃப்.சி. விஷயத்திலும் பல தீர்ப்புகள் இதே வழியில்தான் போகின்றன. ஓனருக்குத் தூக்கம் போவது அந்த "அப்புறம்" என்பதில்தான். பாலிசியே இல்லை என்றால் கதை வேறு, அப்போது ஓனரின் சொத்தைத் தேடித்தான் போகவேண்டும், அது தெரிந்தால் உடனே எனக்கு எழுதுங்கள்.

அடுத்து எஃப்.ஐ.ஆர். நீங்கள் புகார் கொடுத்ததாகச் சொல்கிறீர்கள், ஆனால் அதில் இருக்கிற தமிழ் உங்களுடையது இல்லை. "தனது இருசக்கர வாகனத்தை அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும் ஓட்டிச் சென்று, சாலையோரம் நின்றுகொண்டிருந்த லாரியின் பின்புறம் மோதி" என்று இருக்கும், பார்க்காமலே சொல்கிறேன். தமிழ்நாட்டில் எந்த ஸ்டேஷனுக்குப் போனாலும் இதே வாக்கியம்தான். இறந்தவர் மேல் தப்பைப் போட்டால் ஸ்டேஷனுக்கு வேலை குறைவு. குற்றவாளியே இறந்துவிட்டார், வழக்கு முடிந்தது என்று ஃபைலை மூடிவிடலாம், டிரைவரைத் தேட வேண்டாம், குற்றப்பத்திரிகை வேண்டாம். கெட்ட எண்ணம் இருந்தே ஆகவேண்டும் என்பதில்லை, பழக்கம்.

ஆனால் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்கு எஃப்.ஐ.ஆர். வேதவாக்கு கிடையாது. கிரிமினல் கோர்ட்டில் கேட்கிற மாதிரி சந்தேகத்துக்கு இடமில்லாத நிரூபணம் இங்கே தேவையில்லை, எது நடந்திருக்க வாய்ப்பு அதிகம் என்று பார்த்தால் போதும் என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறது. உங்கள் வழக்குக்கு ரொம்பப் பக்கத்தில் ஒரு தீர்ப்பும் இருக்கிறது. கர்நாடகத்தில் 2013இல் நடுநெடுஞ்சாலையில் 14 சக்கர லாரி ஒன்றை விளக்கு, எச்சரிக்கை எதுவும் இல்லாமல் விட்டுப் போயிருந்தார்கள், ஒரு கார் பின்னால் மோதியது. கார் ஓட்டியவர் மேலும் பாதித் தப்பு என்று சொல்லிக் கீழே இழப்பீட்டில் பாதியை வெட்டினார்கள். சுஷ்மா என்பவர் கொண்டுபோன அந்த வழக்கில் 2024இல் உச்ச நீதிமன்றம் அந்த வெட்டை ரத்து செய்தது. லாரியை அப்படி நிறுத்தியதுதான் விபத்துக்குக் காரணம் என்றது. உங்கள் வக்கீல் யாராக இருந்தாலும் இந்தத் தீர்ப்பைக் கையில் வைத்திருக்க வேண்டும்.

தீர்ப்பு இருந்தால் போதாது, லாரி எப்படி நின்றது என்பதைக் காட்ட வேண்டும். தார்ச்சாலையில் எத்தனை அடி ஏறி நின்றது, பின்னால் சிவப்பு விளக்கு எரிந்ததா, ரிஃப்ளெக்டர் ஸ்டிக்கர் இருந்ததா, முக்கோணப் பலகையோ கல்லோ கிளையோ ஏதாவது பின்னால் வைத்தார்களா. இதற்கு மூன்று காகிதங்கள் முக்கியம். விபத்து நடந்த இடத்தைக் காட்டிப் போலீஸ் போட்ட மாதிரி வரைபடம், அந்த இடத்தைப் பார்த்து அவர்கள் எழுதிய பார்வை மகஜர், அப்புறம் மோட்டார் வாகன ஆய்வாளர் ரிப்போர்ட். நம் ஊரில் பிரேக் இன்ஸ்பெக்டர் ரிப்போர்ட் என்றால்தான் தெரியும். பல நேரம் எஃப்.ஐ.ஆர். ஒன்று சொல்லும், வரைபடம் வேறொன்று சொல்லும். சாலையோரம் நின்றது என்று எழுதிவிட்டு வரைபடத்தில் லாரியின் முக்கால்வாசியைத் தாருக்குள் வரைந்திருப்பார்கள், எழுதினவர் ஒருவர், வரைந்தவர் ஒருவர். என் வழக்குகளில் இப்படிக் கிடைத்த வரைபடங்கள் நிறைய வேலை செய்திருக்கின்றன. இதையெல்லாம் தமிழ்நாடு போலீஸ் இணையதளத்திலேயே எடுக்கலாம், இல்லாவிட்டால் கோர்ட்டில் நகல் மனு போட்டு வாங்கலாம்.

பங்க்சர் கடைக்காரரை விடாதீர்கள். அவர் பெயர், ஊர், போன் நம்பர் மூன்றையும் இந்த வாரமே வாங்கிவிடுங்கள், ஹைவே ஓரக் கடைக்காரர்கள் இன்றைக்கு இருப்பார்கள், ஆறு மாதத்தில் கடையை மாற்றிக்கொண்டு போயிருப்பார்கள். அவரிடம் எதையும் சொல்லிக்கொடுக்க வேண்டாம், பார்த்ததைச் சொல்ல வருவாரா என்று மட்டும் கேளுங்கள். பெட்ரோல் பங்க் கேமரா பதிவு இத்தனை நாள் இருக்காது. ஆனால் உள்ளூர்ப் பத்திரிகை நிருபர்கள் விபத்து என்றால் வந்து போட்டோ எடுப்பார்கள், மறுநாள் பேப்பரில் வந்தது ஒன்றாக இருக்கும், அவர்கள் போனில் பத்து இருக்கும். அந்தப் பத்தில் லாரியின் பின்பக்கம் தெரிகிற ஒன்று போதும். இவை கையில் வந்ததும், நான் சொன்னது இது, எழுதப்பட்டது வேறு, லாரி விளக்கில்லாமல் நின்றதை மேல் விசாரணை செய்யுங்கள் என்று மாவட்ட எஸ்.பி.க்கு ஒரு மனு எழுதி ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் அனுப்புங்கள். நடவடிக்கை எடுக்கிறார்களோ இல்லையோ, இழப்பீட்டு வழக்கு வருவதற்கு முன்பே நீங்கள் மறுத்திருக்கிறீர்கள் என்பதற்கு அந்த அட்டை சாட்சி.

ஹெல்மெட். இதை மறைக்கப் பார்க்காதீர்கள், மறைக்கவும் முடியாது. ஹெல்மெட் போடாததால் விபத்து நடக்கவில்லை, ஆனால் தலைக்காயத்தில் இறந்திருந்தால் 10, 15 சதவீதம் என்று வெட்டுகிற வழக்கம் இருக்கிறது. அதனால் போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட்டை எடுத்து மரணத்துக்குக் காரணமாக எந்தக் காயத்தை டாக்டர் எழுதியிருக்கிறார் என்று பாருங்கள். நெஞ்செலும்பு உடைந்து, கல்லீரல் கிழிந்து இறந்திருந்தால் ஹெல்மெட் பேச்சுக்கே இடமில்லை, அந்த வரியைக் காட்டி வாதாடலாம்.

இப்போது எவ்வளவு என்ற கேள்விக்கு வருகிறேன். எல்லோரும் இதை ஜட்ஜ் மனசு என்று நினைக்கிறார்கள். இல்லை, இது பள்ளிக்கூடக் கணக்கு. 2009இல் சரளா வர்மா வழக்கிலும், 2017இல் பிரணய் சேத்தி வழக்கிலும் உச்ச நீதிமன்றம் வாய்ப்பாடே போட்டுக் கொடுத்துவிட்டது. உங்கள் மாமாவை வைத்தே போட்டுக் காட்டுகிறேன்.

மாத வருமானம் 15,000 என்று கோர்ட் எடுத்துக்கொள்கிறது என்று வையுங்கள். சொந்தத் தொழில், கூலி வேலை செய்கிறவர் 40க்கும் 50க்கும் இடையில் இருந்தால், பின்னால் வருமானம் கூடியிருக்கும் என்று 25 சதவீதம் சேர்ப்பார்கள், ஆக 18,750. வருடத்துக்கு 2,25,000. அவர் உயிரோடு இருந்தால் தனக்கென்று செலவழித்திருப்பார் அல்லவா, அதற்காக ஒரு பங்கைக் கழிப்பார்கள், அவரை நம்பி நாலு பேர் இருந்தால் நாலில் ஒரு பங்கு. மிச்சம் 1,68,750. இதை வயதுக்கு ஏற்ற பெருக்கு எண்ணால் பெருக்க வேண்டும், 41 முதல் 45 வரை 14. ஆக 23,62,500. இதன் மேல் துணையையும் தகப்பனையும் மகனையும் இழந்ததற்காக மனைவி, பிள்ளைகள், தாய் என்று ஆளுக்கு 40,000 என்று வைத்து மூன்று வருடத்துக்கு ஒருமுறை 10 சதவீதம் ஏற்றச் சொன்னார்கள், இப்போதைக்கு அது 48,400, நாலு பேருக்கு 1,93,600. ஈமச்சடங்குக்கும் சொத்திழப்புக்கும் 18,150 வீதம் 36,300. மொத்தம் 25,92,400. மனு போட்ட நாளிலிருந்து வட்டி தனி, நம் ஊர்த் தீர்ப்பாயங்களில் பெரும்பாலும் 7.5 சதவீதம் போடுகிறார்கள்.

இந்தக் கணக்கில் எந்த எண்ணை எந்தக் காகிதம் தீர்மானிக்கிறது என்று பாருங்கள். வயதை எடுத்துக்கொள்வோம். ஆதார்படி 46 என்றால் பெருக்கு எண் 13, டி.சி.படி 44 என்றால் 14. இந்த ஒரு எண்ணில் 1,68,750 ரூபாய் போகிறது. டி.சி.யைக் கொடுங்கள். இது தந்திரம் இல்லை, சரோஜ் என்பவரின் வழக்கில் 2024 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் இதே மாதிரி ஒரு சிக்கலைத் தீர்த்திருக்கிறது. அங்கே பள்ளிச் சான்றிதழில் 45, ஆதாரில் 47. ஐகோர்ட் ஆதாரைப் பிடித்துக்கொண்டு 13 ஆக்கியது, உச்ச நீதிமன்றம் ஆதார் பிறந்த தேதிக்கு ஆதாரம் ஆகாது என்று சொல்லி 14ஐத் திருப்பிக் கொடுத்தது. டி.சி. ஒரிஜினலைப் பத்திரமாக வையுங்கள், தொலைந்திருந்தால் பள்ளியில் நகல் வாங்குங்கள்.

வருமானம்தான் இதில் பெரிய மீன். இந்தக் கணக்கில் மாத வருமானம் ஆயிரம் ரூபாய் கூடினால் மொத்தத்தில் 1,57,500 கூடும். 15,000க்குப் பதிலாக 20,000 என்று நிரூபித்தால் ஏறக்குறைய எட்டு லட்சம் வித்தியாசம். கொத்தனாருக்கு ஏது சம்பளச் சீட்டு என்று கைவிரிக்கிறவர்கள்தான் அதிகம். 2014இல் சையது சாதிக் வழக்கில், 2008இல் அடிபட்ட ஒரு காய்கறி வியாபாரிக்கு எந்தச் சீட்டும் இல்லாமலே மாதம் 6,500 என்று உச்ச நீதிமன்றம் எடுத்துக்கொண்டது. அந்த நாளுக்கு 6,500 என்றால் இன்றைக்கு விலைவாசிக்கு எவ்வளவு என்று வாதாடுவது வக்கீல் வேலை. உங்கள் வேலை வேறு. மாமா போனைத் திறந்து ஜிபே, போன்பேயில் மேஸ்திரி வாரா வாரம் சனிக்கிழமை அனுப்பிய கூலிப் பட்டியலை எடுங்கள். பேங்க் ஸ்டேட்மெண்டில் சீல் வாங்குங்கள். கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை இருந்தால் அவர் கொத்தனார் என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி இல்லை. அக்கா மகளிர் குழுவில் கடன் வாங்கி மாதம் எவ்வளவு கட்டினார் என்ற பாஸ்புக்கூட உதவும், 6,000 சம்பாதிக்கிறவர் வீட்டில் 4,500 தவணை கட்ட முடியாது அல்லவா. மேஸ்திரி லெட்டர்ஹெட்டில் சான்றிதழ் தருகிறேன் என்பார், வாங்கிக்கொள்ளுங்கள், ஆனால் அவரே கோர்ட்டுக்கு வந்து கூண்டில் ஏறிச் சொல்லாவிட்டால் அந்தக் காகிதத்துக்கு மதிப்பு அநேகமாக இல்லை. வருவாரா என்று இப்போதே கேட்டு வையுங்கள். ஜி.எஸ்.டி., கணக்கு என்று பயந்து கடைசி நேரத்தில் ஒளிந்துகொள்ளும் மேஸ்திரிகளும் உண்டு.

மாமியாரைச் சேர்க்காமல் போட முடியுமா என்று கேட்டீர்கள். போட முடியாது, போடவும் கூடாது, போட்டால் நஷ்டம் அக்காவுக்குத்தான். வாரிசுச் சான்றிதழில் தாசில்தார் மனைவி, பிள்ளைகளோடு தாயையும் எழுதித்தான் தருவார். அதைவிட முக்கியமாக மேலே போட்ட கணக்கைத் திரும்பப் பாருங்கள். அந்த அம்மாவை விட்டுவிட்டால் நம்பி இருப்பவர்கள் மூன்று பேர், அப்போது கழிவு நாலில் ஒரு பங்கு இல்லை, மூன்றில் ஒரு பங்கு. 23,62,500 என்பது 21,00,000 ஆகிவிடும். அவருக்கென்று வருகிற 48,400உம் போகும். ஆக அந்த அம்மா மனுவில் இருப்பதாலேயே மொத்தத் தொகையில் 3,10,900 கூடுகிறது. யாருக்கு எவ்வளவு என்று பிரிப்பது தீர்ப்பாயம், சாதாரணமாக மனைவிக்கும் பிள்ளைகளுக்கும்தான் பெரும்பங்கு, பிள்ளைகள் பணம் 18 வயது வரை பேங்க் டெபாசிட்டில் கிடக்கும். பெரிய மகனுக்கு, அதாவது மாமாவின் அண்ணனுக்கு, இதில் இடமே கிடையாது. இதை அந்த அம்மாவிடம் சண்டையாக இல்லாமல் உட்கார்ந்து எடுத்துச் சொல்லுங்கள், அவரும் மகனை இழந்தவர்தான். இன்னொன்று, நாளைக்கு அக்கா மறுமணம் செய்துகொண்டாலும் இந்த உரிமை போகாது, யாராவது அப்படிச் சொல்லி மிரட்டினால் நம்ப வேண்டாம்.

ஆஸ்பத்திரிக்கு வந்து கையெழுத்து வாங்கிப் போனவர் விஷயம். மார்ச்சுவரி வாசலில் வக்காலத்து நீட்டுகிற ஆட்கள் எங்கள் தொழிலுக்கே அவமானம், இதை வெளியே சொன்னால் எனக்கு வேண்டிய சிலருக்குக் கோபம் வரும், வரட்டும். வருகிற தொகையில் இத்தனை சதவீதம் என்று வக்கீல் ஃபீஸ் பேசுவதை பார் கவுன்சில் விதி தடுக்கிறது. இருந்தாலும் நடக்கிறது. அந்த ஆபீஸுக்கு நேரில் போய் மனு போட்டாயிற்றா, எந்தக் கோர்ட், என்ன நம்பர் என்று கேளுங்கள். சொல்ல மறுத்தால் கோர்ட் வழக்குகளைத் தேடுகிற இகோர்ட்ஸ் இணையதளத்தில் அக்கா பெயரைப் போட்டுச் சேலம், தர்மபுரி இரண்டிலும் தேடுங்கள். விபத்து சேலம் மாவட்டத்தில் நடந்தாலும் அக்கா குடியிருக்கிற தர்மபுரி மாவட்டத்திலேயே மனு போடச் சட்டம் இடம் தருகிறது, பிள்ளைகளை விட்டுவிட்டு அலைய வேண்டாம். மனு போட்டிருந்து அந்த வக்கீல் வேண்டாம் என்றால் அவரிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்கி மாற்றிக்கொள்ளலாம், தராவிட்டால் கோர்ட் அனுமதியோடு மாற்றலாம். இது தெரியாமல் இன்னொரு மனு போட்டுவிடாதீர்கள், ஒரே விபத்துக்கு இரண்டு மனு என்றால் நம் மேலேயே சந்தேகம் வரும்.

இதை ஏன் அவசரமாகச் சொல்கிறேன் என்றால், 2022 ஏப்ரல் 1 முதல் விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனு போடவேண்டும் என்று சட்டம் இருக்கிறது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்கு வந்து, ஆறு மாதம் தாண்டியது என்ற காரணத்துக்காக மனுக்களைத் தள்ளக்கூடாது என்று 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவு போட்டிருக்கிறார்கள். ஆனால் இடைக்கால உத்தரவை நம்பி உட்காருவது புத்திசாலித்தனம் இல்லை. உங்களுக்கு இன்னும் இரண்டு மாதம் இருக்கிறது, போதும். இதே 2022 விதிகளின்படி போலீஸே 48 மணி நேரத்தில் முதல் விபத்து அறிக்கையும் 90 நாளில் விரிவான அறிக்கையும் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். அனுப்பினார்களா என்று ஸ்டேஷனில் எழுத்து மூலம் கேளுங்கள். வாயால் கேட்டால் அனுப்பியாச்சு என்றுதான் பதில் வரும்.

லாரிமேல் தப்பையே நிரூபிக்க முடியாமல் போனால் என்ன என்று உங்களுக்குத் தோன்றும். யார் தப்பு என்று பார்க்காமலே மரணத்துக்கு 5 லட்சம் தருகிற பிரிவு ஒன்று இருக்கிறது. அதை ஏற்றுக்கொண்டால் பெரிய வழக்கு அதோடு முடிந்துவிடும், அதனால் அது கடைசிக் கதவு, முதலில் தட்ட வேண்டாம்.

இதைவிட நீங்கள் கேட்காமலே விட்ட ஒன்று முக்கியம். பைக் மாமா சொந்த வண்டி என்கிறீர்கள். அதன் இன்சூரன்ஸ் பாலிசியை எடுத்து, ஓனர் டிரைவர் தனிநபர் விபத்துக் காப்பீடு என்ற வரிக்கு நேராகப் பிரீமியம் பிடித்திருக்கிறார்களா என்று பாருங்கள். பிடித்திருந்தால் 15 லட்சம். யார் தப்பு என்பது அதற்குத் தேவையே இல்லை, தானே போய் மரத்தில் மோதி இறந்தாலும் உண்டு, லாரி வழக்குக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை. ஆர்.சி.யும் பாலிசியும் அவர் பெயரிலேயே இருக்க வேண்டும், செல்லுபடியாகும் லைசென்ஸ் இருந்திருக்க வேண்டும், இதுதான் அடிப்படை. பழைய வண்டி வாங்கிப் பெயர் மாற்றாமல் ஓட்டினவர் குடும்பங்கள் இந்த 15 லட்சத்தை இழந்து நிற்பதைப் பார்த்தால் வயிறு எரியும். பேங்க் பாஸ்புக்கில் மே மாதக் கடைசியில் 20 ரூபாய் பிடித்திருக்கிறதா என்றும் பாருங்கள், அது பிரதமரின் விபத்துக் காப்பீடு, 2 லட்சம். நாள் கடந்திருந்தாலும் பேங்கில் விண்ணப்பம் எழுதிக் கொடுங்கள், மறுத்தால் எழுத்தில் மறுக்கட்டும். நல வாரியத்தில் பதிவு இருந்தால் அங்கேயும் விபத்து மரண உதவி கேட்க வேண்டும். இந்தப் பணத்தை எல்லாம் வாங்கினால் கோர்ட்டில் கழித்துவிடுவார்களோ என்று பயப்படாதீர்கள், தனியாகப் பிரீமியமோ சந்தாவோ கட்டி வருகிற பணத்தை இழப்பீட்டில் கழிக்கக்கூடாது.

எத்தனை நாள் ஆகும்? இரண்டு மூன்று வருடம் என்று மனதைத் தயார் செய்துகொள்ளுங்கள். நடுவில் லோக் அதாலத்தில் பேசி முடிக்கலாம் என்று கூப்பிடுவார்கள். லோக் அதாலத் மோசமில்லை, பிள்ளைகள் படிப்புக்குப் பணம் வேண்டும் என்றால் சில லட்சம் குறைத்துக்கொண்டு முடிப்பதில் தப்பும் இல்லை. ஆனால் அங்கே கையெழுத்துப் போட்டால் அப்பீல் கிடையாது, அதனால் மேலே போட்ட கணக்கைக் கையில் வைத்துக்கொண்டு போய் உட்காருங்கள். எஃப்.ஐ.ஆரைக் காட்டி முதலில் எட்டு லட்சம் என்று தொடங்குவார்கள்.

வழக்கு நடந்தால் அக்காதான் முதல் சாட்சி. குறுக்கு விசாரணையில் "விபத்தை நீங்கள் நேரில் பார்க்கவில்லை என்றால் சரிதானா?" என்று கேட்பார்கள். சரி என்றே சொல்லட்டும், பார்க்காததைப் பார்த்தேன் என்று சொன்னால் மற்ற உண்மையும் சேர்ந்து போய்விடும், பார்த்ததைச் சொல்லத்தான் பங்க்சர் கடைக்காரர். "உங்கள் கணவர் மாதம் 6,000தான் சம்பாதித்தார் என்றால் சரிதானா?" என்பார்கள், சரியல்ல என்றால் போதும், விளக்கம் வேண்டாம். அப்புறம் குடியைப் பற்றிக் கேட்பார்கள், விளக்கில்லாத லாரி நின்ற வழக்கிலும் கேட்பார்கள், அது அவர்கள் வாடிக்கை. அதற்கு அக்கா கோபப்படாமல் இருக்கவேண்டும் என்றால் உண்மை நிலவரம் நமக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். போஸ்ட்மார்ட்டம் செய்தபோது உள்ளுறுப்புகளை ரசாயனப் பரிசோதனைக்கு அனுப்பினார்களா, முடிவு வந்ததா என்று ஸ்டேஷனில் கேட்டு நகல் வாங்குங்கள். பைக் பாலிசியின் 15 லட்சத்துக்கும் கம்பெனி முதலில் கேட்கப்போவது அந்த ரிப்போர்ட்டைத்தான், குடித்திருந்தார் என்று அதில் வந்தால் அந்தப் பணம் கஷ்டம், அப்படி வராவிட்டால் குடியைக் காரணம் காட்டிக் கம்பெனி மறுக்க வழி இல்லை. அது கைக்கு வந்ததும் பாலிசி நகலோடு சேர்த்து எனக்கு அனுப்புங்கள்.